விட்டவன் விழுக்காடு

புத்தலப்பட்டிலிருந்து திருப்பதிக்குச் செல்லும் நெடுஞ்சாலையில் யாத்திரிகர் வண்டிகள் ஓய்வதில்லை. வெளிமாநிலங்களில் வாழும் நம்மவர் பலரும் திருமலைக்கு வந்து, வேண்டுதலை முடித்துப் பிரசாதத்துடன் ஊர் திரும்புகின்றனர். அந்தப் பிரசாதத்துக்குப் பொருளியல் வரலாறு ஒன்று உண்டு. அதைத் திருமலைக் கல்வெட்டுகள், பெரும்பாலும் தமிழிலேயே, நமக்குக் கூறுகின்றன.

15, 16-ஆம் நூற்றாண்டுகளில், விஜயநகர ஆட்சியின்போது, அரசரும் அதிகாரிகளும் மட்டுமன்றி வணிகரும் கோயிற் பணியாளருங்கூடத் திருவேங்கடமுடையானுக்கு நற்பணம் செலுத்தினர். அப்பணம் பெட்டியில் உறங்கவில்லை. கோயிலுக்குரிய ஊர்களில் ஏரியும் கால்வாயும் வெட்டப் பயன்பட்டது. நீர் பாய்ந்த நிலத்தில் கூடுதலாக விளைந்ததைக் கொண்டு, பணம் செலுத்தியவர் பெயரால் அமுதுபடி நடந்தது. படைத்த அமுதில் நாலில் ஒரு பங்கு அவருக்கே உரியது. 'விட்டவன் விழுக்காடு' என்பது அதன் பெயர். சந்திர சூரியர் உள்ளவரை அவர் சந்ததியார் அதைப் பெறலாம்; பிறருக்குக் கொடுக்கலாம், விற்கவும் செய்யலாம். இவ்வாறு கைமாறிய அமுது யாத்திரிகருக்கு விலைப்பொருளும் ஆயிற்று.

இன்றைய கண்ணுக்கு இது பங்குப்பத்திரம் போலவே தோன்றும். ஆயினும் முதல் எங்கே செல்ல வேண்டும், விளைவு யாரைச் சேர வேண்டும் என்பவற்றை வழக்கமே வரையறுத்தது. சாளுவ நரசிம்மர் தம் பங்கை இராமானுசகூடத்தில் யாத்திரிகர் உண்ணுமாறு விட்டார். ஆதாயத்துக்கு அறம் கரை கட்டியிருந்தது எனலாம். அக்கரைக்குள் எல்லோரும் இருந்தனர் என்று மட்டும் நாம் சொல்லத் துணியோம். மண் சுமந்து ஏரி வெட்டியவனுக்கு விழுக்காடு ஏது?

19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கோயில் வருமானம் கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்குச் சென்றது. செலவு போக மிஞ்சியது அதன் கருவூலத்தைச் சேர்ந்தது. கிறித்தவர் ஆளும் அரசு விக்கிரகக் கோயிலால் ஆதாயம் பெறுவது தகாது என்று இங்கிலாந்தில் சமயப் பற்றாளர் எதிர்ப்புத் தெரிவித்தனர். 1843-இல் கம்பெனி நிர்வாகத்தை ஹாதிராம்ஜி மடத்தாரிடம் ஒப்படைத்து விலகியது. நாற்பது ஆண்டு ஆதாயத்துக்குப் பின் விழித்த மனச்சான்று அது!

நம் காலத்திலும் இந்த வழக்கு ஓயவில்லை. பக்தர் காணிக்கையாக இறக்கும் முடியைத் தேவஸ்தானம் ஏலம் விடுகிறது. அது பொய்முடியாகிக் கடல் கடக்கிறது. 2004-இல், விக்கிரக வழிபாட்டோடு தொடர்புடைய முடி ஆகாது என்று ஜெருசலத்தில் யூத சமயப் பெரியார் ஒருவர் தீர்ப்பளித்தார். முடி இறக்கியவருக்கு அது தீர்ந்த கடன். ஏலம் எடுத்தவருக்குச் சரக்கு. நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியிலோ, விலை கொடுத்து வாங்கிய பொய்முடிகளை யூதர் தெருவில் குவித்துத் தீயிட்டனர்.