விரிந்து சுருங்கும் குழாய்

ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பல வீடுகளில் தண்ணீருக்கு 'பெக்ஸ்' என்னும் வளையும் பிளாஸ்டிக் குழாய் போடுகிறார்கள். இதன் மூலக்கூறுகள் குறுக்கும் நெடுக்குமாகப் பிணைந்தவை. அதனால் இதை உருக்கி ஒட்ட முடியாது, பசையும் பிடிக்காது. பிறகு எப்படி இணைப்பது?

அங்கேதான் அழகு. 1968இல் ஜெர்மனியின் தாமஸ் எங்கல் கண்ட முறையில் உருவாகும் 'பெக்ஸ்-ஏ' வகைக்கு ஒரு குணம் உண்டு: விரித்து விட்டால், தானே பழைய அளவுக்குத் திரும்பும்.

குழாய் முனையை நேராக வெட்டி, அதே பொருளில் செய்த வளையத்தை மாட்டுவார்கள். விரிக்கும் கருவியின் கூம்புத் தலையை உள்ளே விட்டு அழுத்த, வாய் அகலும். ஒவ்வொரு அழுத்தலுக்கும் கருவியைச் சற்றே திருப்ப வேண்டும். திருப்பாமல் விரித்தால் உள்சுவரில் பள்ளம் விழும், அந்த வழியே நீர் கசியும். விரிந்ததும் தாமதிக்காமல் இணைப்பை அடிவரை செருகிப் பிடித்துக்கொண்டால், சில நொடிகளில் குழாயும் வளையமும் சேர்ந்து இறுக்கிக்கொள்ளும். குளிர் நாளில் இன்னும் சற்று நேரம் பிடிக்கும். முழுதாக இறுகும் முன் அழுத்தச் சோதனை கூடாது. அவசரக்காரருக்கு ஏற்ற வேலையல்ல இது.

இந்தக் குழாய்க்கு வெயில் ஆகாது. புற ஊதாக் கதிர் பட்டால் நாளடைவில் நொறுங்கும். வாங்குவோர் மொட்டை மாடியில் திறந்தபடி போடாதீர்கள், சுவருக்குள் போடுங்கள்.