சாம்பல் கலந்த சிமெண்ட் மட்டமா?

(ஆண்டு விழாக் கூட்டத்தில் குழு உறுப்பினர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம்)



நான் பத்தாவது வரைக்கும் படிச்சவ. வீட்டு வேலை, மாடு, குழுக் கணக்கு, இதுதான் என் பொழுது. "கட்டடத்தைப் பத்திப் பேச இவளுக்கு என்ன தெரியும்?"னு நீங்க நினைக்கலாம். நாம எடுக்கிற கடன்ல முக்கியமானது வீட்டுக்கு எடுக்கிற கடன். அரசு வீடு கிடைச்சவங்களும் மேற்கொண்டு விழுற செலவுக்குக் குழுவைத்தான் நம்பி வர்றாங்க. நம்மில் எத்தனையோ பேர் சித்தாள் வேலைக்கும் போறோம். கலவை சுமக்கிறது நாம, கடன் கட்டுறதும் நாம. ஆனா அந்தக் கலவைக்குள்ள என்ன நடக்குதுன்னு கேட்டா, "அது கொத்தனாருக்குத்தான் தெரியும்"னு சொல்லிடுறோம். எங்க வீடு கட்டினப்ப இன்ஜினியர்கிட்டயும், சாம்பல் கல் அறுக்கிற இடத்திலயும் கேட்டுக் கேட்டுத் தெரிஞ்சுகிட்டதை உங்ககிட்ட சொல்றேன்.

ஊர்ல ரெண்டு பேச்சு உண்டு. ஒண்ணு, "சாம்பல் கலந்த சிமெண்ட் மட்டம்." ரெண்டாவது, "தளத்துக்கு மூணு நாள் தண்ணி விட்டாப் போதும்." ரெண்டுமே தப்பு. முதல் பேச்சு ஏன் தப்புன்னு புரிஞ்சாத்தான் ரெண்டாவது எவ்வளவு பெரிய தப்புன்னு தெரியும்.

சிமெண்ட் மேல தண்ணி பட்டதும் பசை மாதிரி ஒண்ணு உண்டாகி, மணலையும் ஜல்லியையும் கட்டிப் பிடிச்சு இறுகுது. அதே சமயம் சிமெண்ட் கொஞ்சம் சுண்ணாம்பையும் வெளியே விடுது. அந்தச் சுண்ணாம்பால பலம் ஒண்ணும் இல்லை, சும்மா இடத்தை அடைச்சுக்கிட்டு கிடக்கும். தளம் ஒழுகுற வீட்டுல அடிப்பக்கம் வெள்ளையாப் பூத்து வழியுமே, அது பெரும்பாலும் இந்தச் சுண்ணாம்புதான்.

இந்த இடத்தில்தான் சாம்பல் உதவிக்கு வருது. அனல்மின் நிலையத்தில் நிலக்கரியை மாவா அரைச்சு எரிக்கிறாங்க. எரிஞ்ச பிறகு புகையோட பறந்து போற நைசான சாம்பலை, வெளியே விடாம கருவி வச்சுப் பிடிக்கிறாங்க. அதுதான் பறக்கும் சாம்பல், ஃபிளை ஆஷ். கடும் சூட்டில் உருகி, சட்டுனு ஆறிப்போறதால அது கண்ணாடி உருண்டை மாதிரி ஆயிடுது. கண்ணுக்குத் தெரியாத அளவு சின்ன உருண்டை. அதில் இருக்கிற சிலிக்கா, சும்மா கிடக்கிற அந்தச் சுண்ணாம்போடயும் தண்ணியோடயும் சேர்ந்து மறுபடியும் பசையாகுது. மணல்லயும் சிலிக்காதான் இருக்கு. ஆனா மணல் சுண்ணாம்போட சேராது, அப்படியே கிடக்கும்.

வெற்றிலை போடுற அக்காமார்களுக்கு இது சுலபமாப் புரியும். வெற்றிலை தனியா சிவக்காது, பாக்கு தனியா சிவக்காது. சுண்ணாம்பு சேர்ந்தாத்தான் வாய் சிவக்கும். அது மாதிரி இந்தச் சாம்பல் தனியா இருந்தா வெறும் தூசி. சுண்ணாம்பும் ஈரமும் கிடைச்சாத்தான் கல்லாகும். சுண்ணாம்போட சேர்ந்து இப்படி இறுகுற பொருளுக்குப் பொசோலானான்னு பேரு. சிமெண்ட் மூட்டையிலும் அந்தப் பேர் இருக்கும்.

இத்தாலி நாட்டில் நேப்பிள்ஸ் பக்கத்தில் பொசுவோலின்னு ஒரு ஊர். அங்க கிடைக்கிற எரிமலைச் சாம்பலைச் சுண்ணாம்போட கலந்து அந்தக் காலத்து ரோமானியர்கள் கட்டினாங்க. அந்த ஊர்ப் பேர்தான் பொருளுக்கும் வந்தது. ரோம் நகரத்தில் பாந்தியன்னு ஒரு கோயில். அதன் கூரை 43 மீட்டர் அகலத்துக்குக் கவிழ்த்த சட்டி மாதிரி இருக்கு, உள்ளே கம்பியே கிடையாது. கட்டி சுமார் 1900 வருஷம் ஆச்சு, இன்னும் நிக்குது.

அவ்வளவு தூரம் போவானேன்? நம்ம தேனி மாவட்டத்துக்குச் சோறு போடுற முல்லைப் பெரியாறு அணையை எடுத்துக்குங்க. பென்னிகுக் ஐயா காலத்தில், 1887-ல் ஆரம்பிச்சு 1895-ல் முடிச்ச அணை அது. இன்னைக்கு நாம பார்க்கிற சிமெண்ட் மூட்டை அப்போ கிடையாது. சுண்ணாம்பும் சுர்க்கியும் மணலும் சேர்ந்த காரையிலதான் கட்டினாங்க. சுர்க்கின்னா என்ன? சுட்ட செங்கல்லை இடிச்ச தூள். களிமண்ணைச் சரியான சூட்டில் சுட்டா, அதுவும் சுண்ணாம்போட சேர்ந்து இறுகும் குணத்தைப் பெறுது. பிற்காலத்தில் அணையைப் பலப்படுத்தும் வேலைகள் நடந்தாலும், அடிப்படையில் நிக்கிறது அந்தச் சுர்க்கிக் காரைதான். நம்ம தாத்தா காலத்து மச்சு வீட்டை இடிக்கும்போது கடப்பாரை தெறிக்குதே, அதுக்கும் இதே மாதிரி காரைதான் காரணம்.

அப்படின்னா நம்ம அடுப்புச் சாம்பலைப் போடலாமான்னு ஒரு தங்கச்சி கேட்டாங்க. கூடாதும்மா. விறகுச் சாம்பல்ல உப்பும், எரியாத கரியும் கலந்திருக்கும், குணமும் ஒரே மாதிரி இருக்காது. அது பாத்திரம் விளக்கவும் செடிக்குப் போடவும் ஆகும். நெல் உமிச் சாம்பல்ல சிலிக்கா நிறைய உண்டு. ஆனா சூட்டைக் கட்டுப்படுத்தி எரிச்சு, நைசா அரைச்சாத்தான் பலன். அரிசி ஆலைக்குப் பின்னாடி குவிஞ்சு கிடக்கிற கறுப்புச் சாம்பலை அப்படியே அள்ளிப் போட முடியாது.

சிமெண்டுக்கு வருவோம். மூட்டையில் பிபிசின்னு போட்டிருந்தா அது போர்ட்லேண்ட் பொசோலானா சிமெண்ட். ஐஎஸ் 1489 என்ற எண்ணும் இருக்கும். கம்பெனியிலேயே 15-லிருந்து 35 சதவீதம் வரை இந்தச் சாம்பலைச் சேர்த்து அரைக்கலாம்னு அரசு தரம் சொல்லுது. எவ்வளவு சேர்த்திருக்குன்னு மூட்டையிலேயே அச்சடிச்சிருப்பாங்க. அதனால இது கலப்படம் இல்லை, கணக்குப் பண்ணிச் சேர்த்தது. சும்மா கிடக்கிற சுண்ணாம்பு குறைஞ்சு, நுண்ணிய ஓட்டைகள் அடைபடுறதால தண்ணி உள்ளே இறங்குறது குறையும். கம்பி துருப்பிடிக்கிறதும் தள்ளிப்போகும். இறுகும்போது கிளம்புற சூடும் குறைவு.

ஆனா ஒரு விஷயத்தை மனசுல வச்சுக்கணும். இது நிதானமாத்தான் பலம் பிடிக்கும். பலத்தை ஒரு எண்ணால சொல்றாங்க. பிபிசி சிமெண்ட் 3 நாளில் 16, 7 நாளில் 22, 28 நாளில் 33 என்ற அளவுக்குக் குறையக் கூடாது. சாதா சிமெண்டில் 43 ரகம் 3 நாளிலேயே 23-ஐத் தொடணும். அப்போ மூணாம் நாள் தண்ணியை நிறுத்தினா என்ன ஆகும்? சாம்பல் அப்பத்தான் வேலையை ஆரம்பிக்கப் பார்க்கும், ஈரம் இருக்காது. உறை ஊத்தின பாலை அரைமணி நேரத்தில் கலக்கிவிட்ட கதைதான். தயிர் எங்கேயிருந்து வரும்?

எங்க தெருவில் ஒரு அக்கா குழுக் கடன் வாங்கித் தளம் போட்டாங்க. சித்திரை வெயில். வேலை எடுத்தவர் மூணு நாள் தண்ணி விட்டதோட அடுத்த வேலைக்குப் போயிட்டார். ரெண்டு மழைக்காலம்தான், விரிசல் வழியா ஒழுக ஆரம்பிச்சது. "சாம்பல் சிமெண்ட் வாங்கினீங்க, அதான்"னு பழியை மூட்டை மேல போட்டுட்டார். அந்த அக்கா இன்னும் கடன் கட்டுறாங்க, மழை வந்தா வீட்டுக்குள்ள பாத்திரமும் வைக்கிறாங்க.

அரசு தர விதிப்படி பிபிசி போட்ட கான்கிரீட்டைக் குறைஞ்சது 10 நாள் விடாம ஈரமா வச்சிருக்கணும். 14 நாள் வரை நீட்டிக்கச் சொல்றாங்க. காலையில் ஒரு குடம், சாயங்காலம் ஒரு குடம் ஊத்திட்டு நடுவுல காய விடக் கூடாது. தளத்தில் பாத்தி கட்டித் தண்ணி நிறுத்துங்க. தூணுக்கு ஈரச் சாக்கைச் சுத்துங்க. சென்ட்ரிங் பிரிக்கிறதையும் இன்ஜினியரைக் கேட்டே செய்யுங்க, வாடகை ஏறுதேன்னு அவசரப்படாதீங்க. பிபிசி மூட்டையில் இன்னும் கொஞ்சம் சாம்பல் சேர்த்து மிச்சம் பிடிக்கலாம்னு யார் சொன்னாலும் ஒத்துக்காதீங்க. மூட்டையில் தயாரிச்ச வாரம், வருஷம் பாருங்க. மூணு மாசத்துக்கு மேல கிடந்த சிமெண்ட் வேண்டாம்.

அடுத்து சாம்பல் கல். சாம்பல், குவாரி டஸ்ட், சுண்ணாம்பு, ஜிப்சம் சேர்த்தோ, சுண்ணாம்புக்குப் பதிலா சிமெண்ட் சேர்த்தோ அறுக்கிறாங்க. காளவாசல்ல சுடுற வேலை இல்லை, தண்ணி ஊத்தி ஊத்தியே இறுக வைக்கிறது. சுண்ணாம்பும் ஜிப்சமும் சேர்த்துச் செய்யிற முறையை விசாகப்பட்டினத்தில் உருவாக்கினவங்க ரெண்டு பேர். அதில் ஒருத்தர் பானுமதிதாஸ் என்ற பெண் விஞ்ஞானி. இதைக் கேட்டப்ப எனக்கு ரொம்பப் பெருமையா இருந்தது.

கல் வாங்கும்போது ஒரு சோதனை செய்யுங்க. காஞ்ச கல்லை எடை போட்டு, ஒரு நாள் முழுக்கத் தண்ணியில் ஊறப் போட்டு, துடைச்சு மறுபடி எடை போடுங்க. 20 சதவீதத்துக்கு மேல ஏறக் கூடாது. 3 கிலோ கல்லுன்னா 600 கிராம்தான் கணக்கு. ரெண்டு கல்லைத் தட்டினா கணீர்னு சத்தம் வரணும். நம்ம குழுவில் யாராவது இந்தத் தொழிலை எடுத்தா, மின் நிலையத்தில் காய்ஞ்சபடி பிடிச்ச சாம்பலைக் கேட்டு வாங்குங்க. குளத்தில் கரைச்சு விட்ட சாம்பலுக்கு வேகம் குறைவு. வேலை செய்யும்போது மூக்கு வாயைக் கட்டிக்குங்க, அந்தத் தூசி நெஞ்சுக்கு ஆகாது. சுண்ணாம்பு கையைப் பொத்துப் போக வைக்கும், கையுறை போடுங்க.

கடைசியாக் கூட்டமைப்புக்கு ஒரு வேண்டுகோள். வீட்டுக் கடன் கொடுக்கும்போது தீர்மான நோட்டில் இன்னும் ரெண்டு வரி சேர்க்கணும். தளம் போட்ட தேதி ஒண்ணு, தண்ணி நிறுத்த வேண்டிய தேதி ஒண்ணு. அந்த 14 நாளும் குழுவில் இருந்து ரெண்டு பேர் போய்ப் பார்த்துட்டு வரணும். கடன்காரங்க வீட்டுல ஆள் இல்லைன்னா அவங்களே ரெண்டு குடம் தண்ணி ஊத்திட்டு வரலாம். தவணை வசூலுக்கு நாம எத்தனை தடவை வீட்டுக்குப் போறோம்! இதுக்கும் போவோம்.

சித்தாள் வேலைக்குப் போற சகோதரிகள், அடுத்த தடவை மூட்டையைப் பிரிக்கிறதுக்கு முன்னாடி அதில் எழுதியிருக்கிறதை ஒரு தடவை வாசிச்சுப் பாருங்க. தெரியாததைக் கொத்தனார்கிட்ட கேளுங்க. கேட்கிறதில் ஒரு வெட்கமும் இல்லை.