கமிஷனர் யாருக்குப் பதில் சொல்ல வேண்டும்?

(ஓசூரில் ஆலைத் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கூடிய அரசியல் வகுப்பில் நிகழ்த்திய உரை)

நகரசபை எப்படி நடக்கிறது என்பது பற்றிப் பேசும்படி என்னிடம் சொன்னார்கள். "இதில் பேச என்ன இருக்கிறது? குழாயில் தண்ணீர் வந்தால் நடக்கிறது, வராவிட்டால் நடக்கவில்லை" என்று வாசலில் ஒரு தோழர் சிரித்தார். அவர் சொன்னது சரிதான். ஆனால் தண்ணீர் வராத நாளில் யாரைப் பிடித்துக் கேட்பது? இந்தக் கேள்விக்கு நம்மில் பலருக்குப் பதில் தெரியாது. தெரியாமலிருப்பது நம் குற்றமல்ல. அமைப்பே அப்படி இருக்கிறது.

சில ஆண்டுகளுக்கு முன் இந்த மாவட்டத்தில் ஒரு குடியிருப்புக்காக மகஜர் எடுத்துக்கொண்டு நான் அலைந்தேன். ஊரின் பெயர் வேண்டாம். மழை பெய்தால் சாக்கடைத் தண்ணீர் வீட்டுக்குள் வரும். கவுன்சிலரிடம் போனோம். "தீர்மானம் போட்டாயிற்று, இனி கமிஷனர் கையில்" என்றார். கமிஷனர் ஆபீசுக்குப் போனோம். "மதிப்பீடு தயார், மேலிடத்திலிருந்து நிதி வரவேண்டும்" என்றார்கள். என்ஜினீயரைப் பார்த்தோம். "டெண்டர் எடுக்க யாரும் வரவில்லை" என்றார். இதற்குள் கமிஷனர் மாற்றலாகிப் போய்விட்டார். புதிதாக வந்தவர், "என்ன கோரிக்கை? எழுதிக் கொடுங்கள்" என்றார். நாங்கள் ஏறி இறங்கிய படிகளுக்குக் கணக்கில்லை. சாக்கடையோ அடுத்த மழைக்கும் எங்கள் வாசற்படியைத்தான் ஏறியது.

இதில் எவரும் பொய் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள். அவரவர் தம்மிடம் இருக்கிற அதிகாரத்தைச் சரியாகவே சொன்னார்கள். முழுப் பொறுப்பு மட்டும் எவரிடமும் இல்லை. ஏன் இப்படி?

பேசுவது ஒருவர், செய்வது ஒருவர்

ஓசூர் 2019 பிப்ரவரியில் மாநகராட்சியாயிற்று. 45 வார்டுகள். 2022 பிப்ரவரி 19-ல் நாம் ஓட்டுப் போட்டோம். மார்ச் 2-ல் கவுன்சிலர்கள் பதவி ஏற்றார்கள். மார்ச் 4-ல் அவர்கள் கூடி மேயரைத் தேர்ந்தெடுத்தார்கள். மேயருக்கு நாம் நேரே ஓட்டுப் போடவில்லை.

கவுன்சிலின் வேலை என்ன? வரவு செலவுத் திட்டத்தை ஏற்பது, வரி விகிதத்துக்கும் வேலைகளுக்கும் தீர்மானம் போடுவது, குழுக்கள் அமைத்துக் கண்காணிப்பது. கமிஷனரின் வேலை என்ன? தீர்மானத்தை நிறைவேற்றுவது, வரி வசூலிப்பது, ஊழியர்களை வேலை வாங்குவது, ஒப்பந்தங்களை நடத்துவது. கவுன்சில் பேசுகிறது, கமிஷனர் செய்கிறார்.

இதில் தவறு என்ன என்று நீங்கள் கேட்கலாம். ஒரு நகரத்தை நடத்தத் தேர்ந்த அதிகாரி வேண்டாமா? வேண்டும். தண்ணீர்க் குழாயின் அளவையும் கணக்குப் புத்தகத்தையும் அறிந்தவர் கட்டாயம் வேண்டும். என் கேள்வி வேறு. அந்த அதிகாரியை நியமிப்பது யார்? மாற்றுவது யார்? இரண்டையும் செய்வது சென்னையிலுள்ள மாநில சர்க்கார். கிருஷ்ணகிரி நகராட்சியிலும் இதே கதைதான். மேயரோ தலைவரோ கோப்பைக் கேட்கலாம், விளக்கம் கேட்கலாம், கோபித்துக்கொள்ளலாம். அதிகாரியை மாற்ற முடியாது. கவுன்சிலின் தீர்மானத்தை நிறுத்தி வைக்கவும் ரத்துச் செய்யவும் சர்க்காருக்குச் சட்டம் அதிகாரம் தருகிறது.

ஆலையில் நமக்கு இது புதிதல்ல. மேஸ்திரி யாருக்குப் பயப்படுவான்? அவனை வேலைக்கு வைத்தவனுக்கு. கமிஷனர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும் அவர் கண் தம்மை மாற்றக்கூடியவர் மீதுதான் இருக்கும்.

இந்த ஏற்பாடு வெள்ளைக்காரன் காலத்தது. 1865-லேயே பம்பாயில் சர்க்கார் நியமித்த முனிசிபல் கமிஷனர் வந்துவிட்டார். 1888-ஆம் ஆண்டுச் சட்டம் அதை உறுதி செய்தது. ஜனப் பிரதிநிதிகள் பேசட்டும், நிர்வாகம் சர்க்காரின் ஆள் கையில் இருக்கட்டும் என்பது அதன் சாரம். ஆனாலும் அந்தச் சட்டத்தில் ஒரு பிடி வைத்தார்கள். மொத்த உறுப்பினர்களில் எட்டில் ஐந்து பங்கினர் ஓட்டளித்தால் கமிஷனரை நீக்க வேண்டும்.

நம் பக்கத்துச் சிறு நகரங்களில் அப்போது நிலைமை வேறு. ஓசூருக்கு அருகே தொரப்பள்ளியில் பிறந்த ராஜாஜி 1917 முதல் 1919 வரை சேலம் நகரசபைத் தலைவராக இருந்தார். ஈரோட்டில் பெரியார் தலைவராக இருந்தார். அன்று தலைவரே நிர்வாகத்துக்கும் தலைவர். சர்க்கார் கமிஷனர்கள் பின்னால் வந்தவர்கள்.

அமெரிக்காவின் மானேஜர்

வேறு தேசங்களிலும் சம்பளத்துக்கு அமர்ந்த அதிகாரி நகரத்தை நடத்துவதுண்டு. அமெரிக்காவில் பீனிக்ஸ், டல்லாஸ் போன்ற பெரிய நகரங்களிலேயே இந்த முறை உள்ளது. அங்கே அவருக்குப் பெயர் சிட்டி மானேஜர். ஜனங்கள் கவுன்சிலைத் தேர்ந்தெடுக்கிறார்கள். கவுன்சில் மானேஜரை வேலைக்கு அமர்த்துகிறது. இலாகா அதிகாரிகளை மானேஜர் நியமிக்கிறார். அவர் வேலை பிடிக்காவிட்டால் கவுன்சிலே அவரை வீட்டுக்கு அனுப்பலாம். மாகாணத் தலைநகரிலிருந்து உத்தரவு வரவேண்டியதில்லை.

நம் முறையைவிட இது மேல் என்று தோன்றுகிறதல்லவா? ஒரு விஷயத்தில் மேல்தான். ஆனால் அவசரப்படாதீர்கள். இதன் இன்னொரு பக்கத்தையும் சொல்கிறேன்.

ஓஹியோ மாகாணத்தில் டேட்டன் என்று ஒரு தொழில் நகரம். 1913 மார்ச்சில் அங்கே பெருவெள்ளம் வந்து ஊரையே மூழ்கடித்தது. பழைய நகர நிர்வாகம் திணறியது. அந்த ஊரின் பெரிய முதலாளி ஜான் பாட்டர்சன். கடைகளில் பணம் எண்ணும் இயந்திரம் செய்யும் தொழிற்சாலையின் அதிபர். வெள்ளத்தில் தம் தொழிற்சாலையில் படகு கட்டி ஜனங்களைக் காப்பாற்றினார். அது உண்மை, மறைக்க வேண்டியதில்லை. நகரத்தைக் கம்பெனியைப் போல நடத்த வேண்டும் என்று அவர் பல ஆண்டுகளாகவே சொல்லி வந்தவர். வெள்ளத்துக்குப் பிறகு அவர் பேச்சு எடுபட்டது. 1914 ஜனவரி முதல் டேட்டனில் மானேஜர் ஆட்சி வந்தது. ஹென்றி வெய்ட் என்ற என்ஜினீயர் முதல் மானேஜர். குப்பை அகற்றலும் சுகாதாரமும் கணக்கும் முன்னைவிடச் சீராயின.

ஆனால் அதோடு சேர்த்து இன்னொன்றையும் செய்தார்கள். வார்டுகளை எடுத்துவிட்டார்கள். ஊர் முழுவதும் ஒரே தொகுதி, ஐந்தே உறுப்பினர்கள். இதனால் என்ன ஆயிற்று? 1911-ல் வார்டு முறை இருந்தபோது டேட்டனின் சோஷலிஸ்டுகள் நூற்றுக்கு 25 ஓட்டு வாங்கி இரண்டு கவுன்சிலர்களை அனுப்பினார்கள். தொழிலாளர் குடியிருந்த வார்டுகள் அவர்களைத் தேர்ந்தெடுத்தன. 1917-ல் ஏறக்குறைய 44 ஓட்டு வாங்கினார்கள். கிடைத்த இடம் ஒன்றுகூட இல்லை! ஓட்டு ஏறியது, இடம் பூஜ்யமாயிற்று.

தோழர்களே, இதிலிருந்து இரண்டு பாடங்கள். அதிகாரி கவுன்சிலுக்குக் கட்டுப்பட வேண்டும். கவுன்சில் வார்டு ஜனங்களுக்குக் கட்டுப்பட வேண்டும். டேட்டனில் முதலாவது இருந்தது, இரண்டாவது போயிற்று. ஓசூரில் வார்டு இருக்கிறது, அதிகாரி மீது பிடி இல்லை. இரண்டும் சேர்ந்தால்தான் அது ஸ்தல சுயாட்சி.

நம் கண் முன்னால் நடந்தவை

பிடி இல்லாததால் நமக்கு என்ன நஷ்டம்?

2022 மார்ச் 2-ல் கவுன்சிலர்கள் பதவி ஏற்றார்கள் என்றேன். ஏப்ரல் 1-ல் சொத்து வரி உயர்வை மாநில சர்க்கார் அறிவித்தது. எங்கள் மாநகராட்சி போன்றவற்றில் 600 சதுர அடி வரையுள்ள வீட்டுக்கு நூற்றுக்கு 25 உயர்வு. 1,200 வரை 50. 1,800 வரை 75. அதற்கு மேல் 100. மத்திய நிதிக் கமிஷன் மானியத்துக்கு வைத்த நிபந்தனையைக் காரணம் காட்டினார்கள். டில்லி நிபந்தனை போட்டது, சென்னை விகிதம் குறித்தது, கவுன்சில் தீர்மானம் போட்டது. நாற்காலி சூடேறுமுன் கவுன்சிலர் தலையில் வரி உயர்வு ஏறியது. தெருவில் ஜனங்கள் திட்டியது யாரை? கவுன்சிலரை!

அதே ஆண்டு அக்டோபரில் அரசாணை 152 வந்தது. சென்னை நீங்கலான மாநகராட்சிகளில் நிரந்தரப் பணியிடங்களைச் சுருக்கி, துப்புரவு போன்ற வேலைகளை வெளி ஒப்பந்தத்துக்கு விடும் ஆணை அது. நம் தெருவைக் கூட்டும் சகோதரி நிரந்தரமா, காண்ட்ராக்டா என்பதை ஓசூர் கவுன்சில் முடிவு செய்யவில்லை.

இன்னும் கேளுங்கள். கவுன்சிலே இல்லாத காலமும் இருந்தது. 2016 அக்டோபரில் பழைய கவுன்சில்களின் காலம் முடிந்தது. அடுத்த கவுன்சில் வந்தது 2022 மார்ச்சில். ஐந்தாண்டுகளுக்கு மேல் தனி அதிகாரிகள் ஆட்சி. காலம் முடியுமுன் தேர்தல் நடத்த வேண்டும் என்று 74-வது அரசியல் சட்டத் திருத்தம் சொல்லியிருந்தும் இப்படி. ஓசூர் நகராட்சி மாநகராட்சி ஆனதே இந்த இடைக்காலத்தில்தான். ஊருக்கே பட்டம் சூட்டினார்கள், ஊரின் பிரதிநிதி என்று கேட்க ஒருவர்கூட இல்லை. எல்லைக்கு அந்தப் பக்கமும் இதே நிலைதான். பெங்களூரு மாநகராட்சிக் கவுன்சிலின் காலம் 2020 செப்டம்பரில் முடிந்தது. ஐந்தாண்டு தேர்தலில்லாமல் கழித்து, 2025-ல் அதை ஐந்து மாநகராட்சிகளாகப் பிரித்தார்கள்.

ஓசூர் சாலையில் வேலைக்குப் போகும் தோழர்கள் எலெக்ட்ரானிக் சிட்டியைப் பார்த்திருப்பீர்கள். 2013-ல் அதற்குத் தனித் தொழில் நகரிய ஆணையம் அமைந்தது. அரசியல் சட்டத்தின் 243-கியூ பிரிவு இதற்கு இடம் தருகிறது. தொழில் நகரியம் என்று அறிவித்துவிட்டால் அங்கே தேர்ந்தெடுக்கப்பட்ட நகரசபை தேவையில்லை. பாட்டர்சன் கண்ட கனவு நம் பக்கத்திலேயே சட்டமாக இருக்கிறது.

விவசாயத் தொழிலாளர் தோழர்களுக்கு ஒரு வார்த்தை. 2011-ல் மத்திகிரி பேரூராட்சியும் ஜூஜூவாடி, மூக்கண்டப்பள்ளி, சென்னத்தூர், ஆவலப்பள்ளி ஊராட்சிகளும் ஓசூரோடு சேர்ந்தன. ஊர் நகரத்தோடு சேர்ந்தால் விளக்கும் சாலையும் வரும் என்கிறார்கள். வரட்டும். ஆனால் கிராம சபை போய்விடும். ஊரக வேலைத் திட்டம் ஊராட்சிக்குத்தான் உண்டு, அதுவும் போய்விடும். கேட்கும் உரிமையை இழந்து விளக்கை வாங்குகிறோமா என்று சேருமுன் கணக்குப் பார்க்க வேண்டும்.

வேறு வழி உண்டா?

உண்டு. கல்கத்தாவில் 1980-ஆம் ஆண்டுச் சட்டம் நிர்வாக அதிகாரத்தை மேயரும் அவர் சகாக்களும் கொண்ட குழுவுக்குத் தந்தது. அங்கேயும் கமிஷனரை அனுப்புவது மாநில சர்க்கார்தான். ஆனால் அவர் மேயரின் மேற்பார்வையில் வேலை செய்ய வேண்டும். கேரளத்தில் 1996-ல் தொடங்கிய மக்கள் திட்ட இயக்கத்தில் மாநிலத் திட்ட நிதியில் நூற்றுக்கு 35 முதல் 40 வரை ஸ்தல ஸ்தாபனங்களுக்குக் கொடுத்தார்கள். பணமும் கையும் இருந்தால் கவுன்சிலர் "மேலிடம்" என்று கை காட்ட முடியாது.

சட்டம் மாறும் வரை நாம் சும்மா இருப்பதா? கூடாது. இன்றைக்கே செய்யக்கூடிய மூன்று காரியங்கள் உண்டு.

ஒன்று: பகுதி சபை. 2022-ல் வார்டுக் குழுவுக்கும் பகுதி சபைக்கும் விதிகள் வந்தன. அந்த ஆண்டு நவம்பர் 1-ல் முதல் சபைகள் கூடின. உங்கள் பகுதி வாக்காளர் எவரும் அதில் கலந்துகொள்ளலாம். ஷிப்டு முடிந்து களைப்பாயிருக்கும். இருந்தாலும் போங்கள். நாம் போகாத கூட்டத்தில் ஒப்பந்தக்காரரின் ஆட்கள் போய் உட்காருவார்கள்.

இரண்டு: காகிதம். வாய்ச் சொல்லோடு திரும்பாதீர்கள். தீர்மானத்தின் எண், தேதி, மதிப்பீட்டுத் தொகை, எந்த அதிகாரி மேஜையில் கோப்பு இருக்கிறது என்பவற்றை 2005-ஆம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி எழுத்தில் கேளுங்கள். அன்று எங்கள் சாக்கடை விஷயத்தில் நாங்கள் செய்த பிழை அதுதான். எல்லாருடைய வார்த்தையையும் நம்பினோம், ஒருவரிடமும் எழுதி வாங்கவில்லை. அதனால் புதிய கமிஷனரிடம் மீண்டும் முதலிலிருந்து ஆரம்பித்தோம்.

மூன்று: கவுன்சிலரைத் திட்டிவிட்டு வீட்டுக்குப் போகாதீர்கள். அவர் எந்தக் கட்சியானாலும், "எங்கள் வார்டு கோரிக்கையைத் தீர்மானமாகக் கொண்டு வா, நாங்கள் உன் பின்னால் நிற்கிறோம்" என்று சொல்லுங்கள். ஜனங்கள் பின்னால் நிற்கும் தீர்மானத்தைக் கிடப்பில் போட எந்த அதிகாரியும் இரு முறை யோசிப்பார்.

ஆலையில் ஒரு தொழிலாளி தனியாகப் போனால் மானேஜர் "பார்க்கலாம்" என்பார். சங்கமாகப் போனால் நாற்காலி போட்டுப் பேசுவார். நகரசபை வாசலிலும் அதே விதிதான். இப்போது நான் நிறுத்திக்கொள்கிறேன். உங்கள் வார்டில் கடைசியாகப் பகுதி சபை கூடிய தேதி எது? தெரிந்தவர்கள் எழுந்து சொல்லுங்கள். தெரியாத வார்டுகளின் பட்டியலை இந்த வகுப்பு முடியுமுன் எழுதிக்கொள்வோம். அடுத்த வாரம் நம் வேலை அங்கிருந்துதான் தொடங்குகிறது.