வாசலில் தொங்கிய பால்



நம் குடியிருப்பின் பொங்கல் விழாவில் வாழ்த்திப் பேசத்தான் கூப்பிட்டீர்கள். என்னால் முடியவில்லை. நாலாவது மாடி அம்மா குளியலறையில் வழுக்கி விழுந்து, இடுப்பெலும்பு முறிந்து, இரண்டு நாள் ஈரத் தரையில் கிடந்தார். அவர் வீட்டு வாசல் பையில் பால் பாக்கெட் அப்படியே தொங்கியது. முதல் நாள் பால் திரிந்து, பாக்கெட் உப்பியிருந்தது. எதிர்வீட்டார் பார்த்தார்கள். படியிறங்கும்போது நானும் பார்த்தேன்!

கேட்டால், அடுத்தவர் வீட்டில் மூக்கை நுழைப்பது நாகரிகமில்லையாம். எது நாகரிகம்? ஆறு மாதத்துக்கு முன்னால் வராந்தாவில் செருப்பு ஸ்டாண்டு வைத்ததில் அந்த அம்மாவுக்கும் எதிர்வீட்டாருக்கும் தகராறு. அன்றிலிருந்து இரண்டு வீட்டுக்கும் பேச்சில்லை. ஆனால் லிஃப்டில் பார்த்தால் சிரிப்பு! கொலுச் சுண்டல் வாட்ச்மேன் மூலமாகப் போய்ச் சேர்கிறது!

நான் வளர்ந்தது திருவல்லிக்கேணி ஒண்டுக்குடித்தனத்தில். எட்டுக் குடும்பத்துக்கு ஒரே குழாய். குடத்தை உதைத்துச் சண்டை போடுவார்கள், ஏழு தலைமுறையை இழுப்பார்கள். ஆனால் காலையில் ஒரு வீட்டில் அடுப்பு பற்றவில்லை என்றால், முதல்நாள் திட்டினவளே வந்து, "ஏண்டி, உடம்பு சரியில்லையா?" என்று கதவை இடிப்பாள். அங்கே சண்டை வாய்விட்டு நடந்தது, அதனால் முடிந்தது. நாம் சிரித்துச் சிரித்தே சண்டையை வளர்க்கிறோம்.

கேமரா இருக்கிறது என்கிறார் சங்கச் செயலாளர். இருக்கிறது ஐயா, பதினாறு கேமரா! அந்தப் பால் பையை இரண்டு நாளும் படம் பிடித்தது. கதவைத் தட்டியதா? தட்டியது யார் தெரியுமா? லிஃப்டில் ஏறக்கூடாது என்று போர்டு மாட்டி நாம் தடுத்து வைத்திருக்கிறோமே, அந்த வீட்டு வேலைக்கு வரும் அம்மா! ஊரிலிருந்து திரும்பியதும் நாலு மாடி படியேறி வந்து தட்டினார். அந்தப் போர்டு இன்னும் தொங்குகிறது. வெட்கமாக இல்லையா?

தனிமை வெள்ளைக்காரன் வியாதி, நமக்குத்தான் குடும்பம் இருக்கிறதே என்கிறார்கள். விழுந்து கிடந்த அம்மாவின் குடும்பம் அமெரிக்காவில் இருக்கிறது. பிரிட்டன் 2018-லேயே தனிமைப் பிரச்சினைக்கு ஓர் அமைச்சரைப் பொறுப்பாக்கியது, ஜப்பான் 2021-ல். அவர்கள் ஒப்புக்கொண்டார்கள். நாம் வாட்ஸ்அப்பில் 'குட் மார்னிங்' ரோஜாப்பூ அனுப்புகிறோம். அந்த இரண்டு நாளும் அனுப்பினோம். அவரிடமிருந்து பதில் வராததை ஒருவரும் கவனிக்கவில்லை.

ஆஸ்பத்திரியில் போய்ப் பார்த்தேன். முதல் வார்த்தையே, "எல்லாருக்கும் தொந்தரவு குடுத்துட்டேனாப்பா?"

வெள்ளிக்கிழமை வீட்டுக்கு வருகிறார். தினமும் காலை ஏழு மணிக்கு அந்தக் கதவைத் தட்ட ஆள் வேண்டும். திங்கட்கிழமை நான். செவ்வாய்க்கு யார்? எழுந்து நின்று பேர் சொல்லுங்கள்.