இரண்டு ஆசிரியர், ஐந்து வகுப்பு

சென்னைக் கோட்டூர்புரத்தில் 2010ஆம் ஆண்டு திறக்கப்பெற்ற அண்ணா நூற்றாண்டு நூலகத்தில், போட்டித் தேர்வுகளுக்காக இளைஞர் பலர் நாள் முழுதும் படிக்கக் காணலாம். ஆசிரியப் பணியை நாடுவோரும் அவர்களுள் உளர். தேர்வில் வென்றபின் அவர்களுள் ஒருவருக்குச் சவ்வாது மலையிலோ கல்வராயன் மலையிலோ ஒரு சிறு பள்ளி வாய்க்கக்கூடும். அத்தகைய பள்ளியைப் பற்றியே, மாணவ நண்பர்களே, இன்று உங்களோடு பேச விரும்புகிறேன்.

60 குழந்தைகள் வரை பயிலும் தொடக்கப் பள்ளிக்கு இரண்டு ஆசிரியர் வேண்டும் என்கிறது 2009ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம். வகுப்புகளோ ஐந்து. எனவே ஓர் ஆசிரியரிடம் மூன்று வகுப்புகள் சேரும். 40 நிமிடப் பாடவேளையை மூன்றாகப் பகுத்தால், ஒரு வகுப்புக்கு 13 நிமிடமே கிட்டும். எஞ்சிய 27 நிமிடமும் அப்பிள்ளைகள் என்ன செய்வார்கள்? சிறு பள்ளியின் வெற்றியும் தோல்வியும் இக்கேள்விக்குக் காணும் விடையிலேதான் இருக்கின்றன.

நம் திண்ணைப் பள்ளிகள் கண்ட விடை சட்டாம்பிள்ளை. மூத்த மாணவன் இளையோருக்குச் சொல்லிக் கொடுப்பான். எழும்பூரில் ஆதரவற்ற சிறுவர் பள்ளியை 1789 முதல் நடத்திய ஆண்ட்ரூ பெல் என்பார், உள்ளூர்ப் பள்ளிப் பிள்ளைகள் மணலில் எழுதிப் பழகுவதைக் கண்டார். அதனைத் தம் பள்ளியிலும் புகுத்தி, மாணவரைக் கொண்டே மாணவருக்குக் கற்பித்தார். 1797இல் இலண்டனில் அதுபற்றி நூலும் வெளியிட்டார். ‘சென்னை முறை’ என்ற பெயரோடு அது கடல் கடந்து பரவிற்று. ஆயினும், ஒரு குழந்தை ஏன் தவறு செய்கிறது என்று கண்டறியச் சட்டாம்பிள்ளையால் இயலாது.

அண்மைக் காலத்தில் வேறொரு விடை பிறந்தது. ஆந்திரத்து ரிஷி பள்ளத்தாக்கைச் சூழ்ந்த சிற்றூர்களில், ஒரே ஆசிரியரை உடைய பள்ளிகளுக்கென்று பாட அட்டைகள் உருவாக்கப்பட்டன. குழந்தை தானே அட்டையை எடுத்துத் தன் வேகத்தில் படிப்படியாக முன்னேறும். ஆசிரியரோ உதவி வேண்டும் பிள்ளையின் அருகே அமர்வார். அவ்வழியைச் சென்னை மாநகராட்சிப் பள்ளிகள் 2003இல் மேற்கொண்டன. பின்னர் அது மாநிலமெங்கும் சென்றது. முறைகள் அதற்குப் பின்னும் மாறியுள்ளன. எனினும், சிற்றூர்ப் பள்ளியிடம் தலைநகரம் பாடம் கேட்டது என்பது நாம் மறக்கலாகாத செய்தி.

எந்த முறையும் ஆசிரியர் இல்லாத இடத்தை நிரப்பாது. இருவருள் ஒருவர் விடுப்பில் சென்றால் ஐந்து வகுப்பும் மற்றவர் தலையில் விழும். ஆண்டுதோறும் ஆசிரியர் மாறினால், பிள்ளைகளின் குறைநிறைகளைப் புதியவர் முதலிலிருந்தே அறிந்தாக வேண்டும். ஆசிரியர் தங்க வீடும், சென்றுவரப் பாதையும் அமைத்துத் தருவது அரசின் கடன். அவ்வசதிகள் முழுமை பெறும் வரை குழந்தையின் வயது காத்திராது.

நாளை உங்களுள் ஒருவருக்கு அப்பணி கிடைக்கலாம். சென்ற அன்றே இடமாறுதலுக்கு மனு எழுதாதீர்கள். முதல் வகுப்பில் நீங்கள் விரல் பிடித்து எழுதவைத்த குழந்தை ஐந்தாம் வகுப்பை முடிக்கும்வரையேனும் அங்கே இருங்கள்.