துடிக்கும் இமையும் மூடிக்கொள்ளும் கண்ணும்

 

சில நாட்களுக்கு முன் மருதமுனையில் ஒரு கைத்தறி வீட்டுக்குப் போயிருந்தேன். தறியில் இருந்த ராத்தா வேலையை நிறுத்திவிட்டு, இடது கண்ணின் கீழிமையை விரலால் அமத்திக்கொண்டிருந்தார். "மூணு நாளா இடக்கண் துடிக்குது தம்பி. என்ன செய்தி வரப்போகுதோ தெரியா" என்றார். முகத்தில் உண்மையான பயம் இருந்தது. மகன் கட்டாரில் வேலை செய்கிறான்.

"ராவைக்கு எத்தனை மணிக்குப் படுக்கிறீங்க ராத்தா?" என்று கேட்டேன். பெருநாளுக்குச் சாரன் ஓடர் வந்திருக்கிறது. இரவு ஒரு மணி வரை தறி, சுபஹுக்கு எழும்பல். கண் அசரும்போதெல்லாம் சாயம் கூடின பிளேன்டீ. பக்கத்தில் இருந்த கோப்பை காயவே இல்லை. அவருடைய கண் துடித்ததற்கான காரணம் முழுவதும் அந்த அறைக்குள்ளேயே இருந்தது. கட்டாரில் இல்லை.

கண்ணைச் சுற்றி மோதிரம் போல ஒரு தசை ஓடுகிறது. கண்ணை மூடுவது அதன் வேலை. மூளையின் அடியிலிருந்து புறப்படும் ஏழாவது நரம்பு அதை இயக்குகிறது. முகநரம்பு என்று அதற்குப் பெயர். காதுக்குக் கீழே மண்டையோட்டை விட்டு வெளியே வந்து, விரித்த கைவிரல்களைப் போல நெற்றிக்கும் கண்ணுக்கும் கன்னத்துக்கும் வாய்க்கும் கிளை பிரிகிறது. உடம்பு களைத்து, உறக்கம் குறைந்து, தேத்தண்ணியின் கஃபைன் நரம்பை உசுப்பிக்கொண்டிருக்கும்போது, அந்த நரம்பின் நுனி யாரும் சொல்லாமலே தன்பாட்டில் துடிப்பை அனுப்புகிறது. தசையின் சில இழைகள் மட்டும் அதிர்கின்றன. உடம்பிலேயே மிக மெல்லிய தோல் இமைத்தோல் என்பதால் நமக்கு அது பெரிய குலுக்கமாகத் தெரிகிறது. எதிரில் நிற்பவருக்குப் பெரும்பாலும் தெரிவதே இல்லை.

இமை துடிப்பதை நம் மக்கள் செய்தியாகப் பார்த்தது நேற்று இன்றல்ல. சிலப்பதிகாரத்தில் இந்திரவிழா முடிகிற இடத்தில் கண்ணகிக்கு இடக்கண்ணும் மாதவிக்கு வலக்கண்ணும் துடிக்கின்றன. பெண்ணுக்கு இடக்கண் துடித்தால் நன்மை, வலக்கண் துடித்தால் பிரிவு. கம்பனின் சீதையும் அசோகவனத்தில் தன் இடக்கண் துடிப்பதைத் திரிசடையிடம் சொல்லித்தான் ஆறுதல் தேடுகிறாள். காரைதீவில் கண்ணகை அம்மன் கோயிலுக்குப் பக்கத்தில் வாழ்கிறவர்களுக்கு நான் இதை விளக்கத் தேவையில்லை. சகுனம் பார்ப்பதை எங்கள் மார்க்கம் விலக்கியிருக்கிறது. ஆனாலும் எங்கள் வீடுகளில் "கண் துடிக்குது, ஆரோ வரப்போறாங்க" என்று சொல்லாத உம்மம்மா உண்டா? இலக்கியத்தில் அது அழகு. எனக்குள்ள கவலை வேறு. சகுனமாகப் பார்க்கிற பழக்கம் இரண்டு பக்கமும் கெடுதல் செய்கிறது. ஒன்றுமில்லாத துடிப்புக்கு ராத்தாவைப் போலப் பயந்து, இருக்கிற உறக்கத்தையும் தொலைக்கிறோம். வைத்தியம் தேவைப்படுகிற துடிப்பை "அது அப்படித்தான்" என்று விட்டுவிடுகிறோம்.

முதலில் ஒன்றுமில்லாத துடிப்பைப் பற்றிச் சொல்கிறேன். அதுதான் நூற்றுக்குப் பெரும்பங்கு. ஒரு பக்கத்து இமையில், அதிலும் கூடுதலாகக் கீழிமையில் வரும். சில விநாடி அடிக்கும், நிற்கும், மறுகா வரும். கண் மூடிக்கொள்ளாது. சில நாளில், சிலருக்குச் சில கிழமையில், தானாகவே போய்விடும். உறக்கக் குறைவு, மனஅழுத்தம், தேத்தண்ணி, கோப்பி, சிகரெட், பார்வைக்குப் பொருந்தாத கண்ணாடி, வரண்ட கண் எல்லாம் இதற்குத் துணைபோகும். நோன்பு மாதத்தில் இவை ஒன்றாகச் சேர்வதை நான் எங்கள் வீட்டிலேயே பார்த்திருக்கிறேன். தராவீஹ் முடிந்து கடைத்தெரு, ஒரு கண் உறங்கினவுடன் சஹர், பகலில் குடிக்காத தேத்தண்ணியை எல்லாம் இரவில் சேர்த்துக் குடிப்பது. உயர்தரப் பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகளுக்கும் இதே கதைதான்.

கண் வரள்வதைப் பற்றிக் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். அது எங்கள் கரையோரத்தின் சொந்தத் தொல்லை. தென்மேல் பருவக்காற்று தன் மழையை மலைநாட்டில் கொட்டிவிட்டு, இந்தப் பக்கம் வெறும் சூடாக இறங்குகிறது. அதைத்தானே கச்சான் காற்று என்கிறோம். கச்சான் வீசும் மாதங்களில் கரைவலை இழுக்கிறவர்களின் கண் சிவந்து கிடக்கும். சம்மாந்துறைப் பக்கம் வெள்ளாமை வெட்டும் காலத்தில் தூசியும் சேரும். சாதாரணமாக ஒரு நிமிடத்துக்குச் சுமார் 15 தடவை கண் சிமிட்டுகிற நாம், போன் திரையைப் பார்க்கும்போது அதைவிட வெகு குறைவாகவே சிமிட்டுகிறோம். சிமிட்டாமல் கண்ணில் ஈரம் பரவ வேறு வழி இல்லை. மணல் விழுந்தமாதிரி உறுத்தும், எரியும், இமை துடிக்கும். "என்ட கண்ணால தண்ணிதானே ஓடுது, எப்படி வரட்சி?" என்று கேட்பவர்கள் உண்டு. வரண்ட கண்தான் உறுத்தல் தாங்காமல் நீரைக் கொட்டும். அந்த நீரில் கண்ணைக் காக்கிற பசை போதாது.

இதற்கெல்லாம் மருந்து எளியது. நான்கைந்து இரவு ஒழுங்காக உறங்குங்கள். மஃரிபுக்குப் பின் தேத்தண்ணியை விடுங்கள். சுத்தமான துணியை இளஞ்சூட்டு நீரில் நனைத்து மூடிய கண்மேல் ஐந்து பத்து நிமிடம் வையுங்கள். கண் வரட்சி என்றால் செயற்கைக் கண்ணீர்த் துளி போதும். எது பொருந்தும் என்று டொக்டரிடம் கேட்டு வாங்குங்கள். தாய்ப்பால், தேன், இலைச்சாறு எதையும் கண்ணில் விடவேண்டாம். அவற்றோடு போகிற கிருமி கருவிழியைப் புண்ணாக்கினால் பார்வையே போகும். மக்னீசிய மாத்திரை போட்டால் துடிப்பு நிற்கும் என்று பலர் சொல்கிறார்கள். அதற்கு உறுதியான சான்று இல்லை. அந்தக் காசுக்கு மீன் வாங்குங்கள்.

துடிப்பு பல கிழமை தாண்டியும் நிற்கவில்லையா? கண் சிவந்து வீங்குகிறதா? மேலிமை கீழே தொங்குகிறதா? வைத்தியசாலைக்குப் போங்கள். கல்முனையில் அஷ்ரப் ஞாபகார்த்த வைத்தியசாலையும் வடக்கு ஆதார வைத்தியசாலையும் இருக்கின்றன. வெளிநோயாளர் பிரிவில் காட்டினால் தேவைக்கேற்பக் கண் வைத்திய நிபுணரிடம் அனுப்புவார்கள். போகும்போது குடிக்கிற மருந்துகளையும் கொண்டுபோங்கள். வாந்திக்குக் கொடுக்கிற மெட்டோகுளோப்பிரமைட் போன்ற சில மருந்துகளும், மனநோய்க்கான சில மருந்துகளும் முகத்தசைகளை இழுக்கவைக்கும். ஆனால் நீங்களாக நிறுத்திவிடாதீர்கள். முகம் ஒரு பக்கம் திடீரென்று கோணிப்போனால் அது துடிப்பு அல்ல, வாதம். அதற்குக் காத்திருக்கவே கூடாது. கை காலும் சோர்ந்து பேச்சும் குழறினால் அந்த நிமிடமே 1990க்கு அடித்து சுவசெரிய அம்புலன்சைக் கூப்பிடுங்கள்.

இனி வைத்தியம் தேவைப்படுகிற துடிப்புக்கு வருவோம். இப்போது இருந்த இடத்திலேயே ஒன்று செய்துபாருங்கள். வலது கண்ணை மட்டும் இறுக்கி மூடிக்கொண்டு, அதே பக்கத்துப் புருவத்தை மேலே உயர்த்துங்கள். முடியாது. கண் மூடும்போது புருவம் இறங்கும். ஆனால் ஒரு நோயில் கண் தானாக மூடும்போது அந்தப் பக்கத்துப் புருவம் மேலே ஏறும். 1905இல் பிரெஞ்சு வைத்தியர் பாபின்ஸ்கி கவனித்த அடையாளம் இது. அந்த நோய் கண்ணில் தொடங்கி, மாதங்கள் போகப்போக அதே பக்கத்துக் கன்னத்துக்கும் வாய்க்கும் இறங்கும். உறக்கத்திலும் விடாது. மூளையின் அடியில் முகநரம்பு புறப்படும் இடத்தில் ஓர் இரத்தக்குழாய் சாய்ந்து உரசுவதுதான் பெரும்பாலும் காரணம். 1875இல் ஜெர்மனியில் ஷுல்ட்சே என்ற வைத்தியர், இப்படி முகம் துடித்துக்கொண்டிருந்து இறந்த 56 வயது மனிதரின் உடலைப் பரிசோதித்து, வீங்கிய இரத்தக்குழாய் நரம்பை அழுத்தியிருந்ததைக் கண்டார். கண்டதிலிருந்து வைத்தியமாவதற்கு ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு போனது. 1960களில் அமெரிக்காவின் பீட்டர் ஜனெட்டா, குழாய்க்கும் நரம்புக்கும் நடுவே ஒரு சிறு மெத்தையை வைத்து உரசலை நிறுத்தும் சத்திரசிகிச்சையைத் தொடங்கிவைத்தார். இன்று எல்லோருக்கும் சத்திரசிகிச்சை தேவைப்படுவதில்லை. ஊசியும் இருக்கிறது. அந்த ஊசியைப் பற்றிச் சொல்ல எனக்கு ஒரு சொந்தக் காரணம் உண்டு.

என் உம்மாவுக்கு அறுபது வயதில் கண் அடிக்கடி சிமிட்டத் தொடங்கியது. வெயிலில் கூடும். வெயில் கூச்சம் என்று நினைத்தோம். ஒரு வருடத்துக்குள் இரண்டு கண்ணும் சேர்ந்து இறுக மூடிக்கொள்ளும் நிலை வந்தது. கண் நல்ல கண். திறந்திருக்கும்போது ஊசியில் நூல் கோர்ப்பார். ஆனால் பிரதான வீதியைக் கடக்கும்போது நடுவில் கண் மூடிக்கொள்ளும். குர்ஆனை விரித்தால் இரண்டு வரிக்குள் மூடிக்கொள்ளும். மூன்று கண்ணாடி மாற்றினோம். ஒன்றும் ஆகவில்லை. கண்ணூறு என்றார்கள், தண்ணீர் ஓதிக் கொடுத்தார்கள். அதைவிட நோகச் செய்தது இன்னொரு விஷயம். புருவத்தின் ஓரத்தை விரலால் தொட்டால் உம்மாவுக்குக் கண் திறக்கும். ஸலவாத்து ஓதினால் திறக்கும். அதனால் "வேணுமெண்டா துறக்கிறா, வேணாட்டி மூடுறா" என்று பேச்சு வந்தது. நானும் ஒருநாள் கோபத்தில், "உம்மா, கொஞ்சம் முயற்சி செஞ்சி துறந்து வெச்சிருங்களே" என்று சொன்னேன். உம்மா பதில் பேசவில்லை. அந்தச் சொல்லை இன்றும் என்னால் விழுங்க முடியவில்லை.

ஏனென்றால், எதைப் பார்த்து நாங்கள் உம்மாவைச் சந்தேகித்தோமோ அதுவே நோயின் அடையாளம். உம்மாவுக்கு வந்தது முன்பு சொன்ன ஒருபக்க முகத்துடிப்பு அல்ல, வேறொரு நோய். தொட்டால், பாடினால், பேசினால் சற்றுநேரம் கண் திறப்பது இந்த நோயில் வழக்கம். மூளையின் ஆழத்தில் அசைவுகளை ஒழுங்குபடுத்தும் பகுதிகள் கண்ணை மூடும் தசைக்கு ஓயாமல் உத்தரவு அனுப்புவதால் இது வருகிறது. ஆண்களைவிடப் பெண்களுக்குக் கூடுதல், அதுவும் ஐம்பது அறுபது வயதில். உலகத்திலும் நெடுங்காலம் இதை மனக்கோளாறு என்றே பலரும் ஒதுக்கினார்கள். 1976இல் இலண்டன் நரம்பியல் வைத்தியர் டேவிட் மார்ஸ்டன், இது மூளையின் அசைவுக் கோளாறு, நோயாளியின் நடிப்போ மனப்பலவீனமோ அல்ல என்று எடுத்துக்காட்டி எழுதினார்.

வைத்தியரின் அறைக்குள் போனால் உம்மாவின் கண் நன்றாகத் திறந்திருக்கும். இதுவும் நோயின் குணம்தான். கடைசியில் என் சகோதரியின் மகன், உம்மம்மா வாசலில் இருந்து கீரை ஆய்வதைப் போனில் நாற்பது விநாடி எடுத்தான். அந்த வீடியோவைப் பார்த்த நரம்பியல் நிபுணர் இரண்டாம் தடவை பார்க்கக்கூட இல்லை. நோயின் பெயரை எழுதிவிட்டார். வீட்டில் இப்படி ஒருவர் இருந்தால், வைத்தியரிடம் போகுமுன் வீடியோ எடுத்துக்கொள்ளுங்கள்.

உம்மாவுக்குக் கிடைத்த வைத்தியம் நான் முன்பு சொன்ன ஊசிதான். பொடுலினம் டொக்சின் என்பது அதன் பெயர். கெட்டுப்போன உணவில் வளரும் ஒரு கிருமியின் நஞ்சு. ஜெர்மனியில் யுஸ்டினஸ் கேர்னர் என்ற வைத்தியர், அவர் கவிஞரும்கூட, கெட்ட சொசேஜ் தின்று மக்கள் தசை செயலிழந்து சாவதை 1820 வாக்கில் ஆராய்ந்தார். அளவோடு கொடுத்தால் அடங்காத நரம்பை இதே நஞ்சு அடக்கும் என்று அப்போதே எழுதினார். அதைச் செய்துகாட்டியவர் சான் பிரான்சிஸ்கோவின் கண் வைத்தியர் அலன் ஸ்கொட். அவர் தேடியது வாக்குக்கண்ணுக்கு மருந்து. 1989இல் அமெரிக்க அரசு வாக்குக்கண்ணுக்கும் இந்த இமை நோய்க்கும் அதை ஏற்றுக்கொண்டது. முகச்சுருக்கம் போக்கும் பொடொக்ஸ் என்று பின்னாளில் பேர்பெற்றது இதே மருந்துதான்.

கண்ணைச் சுற்றிச் சில இடங்களில் மெல்லிய ஊசியால் மிகச் சிறிய அளவு ஏற்றுவார்கள். நரம்பின் உத்தரவு தசைக்குப் போய்ச் சேராமல் அது மறிக்கும். சில நாளில் வேலை தொடங்கும், மூன்று நான்கு மாதம் நிற்கும், பிறகு திரும்பப் போடவேண்டும். நோயை வேரோடு எடுக்காது. சிலருக்குக் கொஞ்சக் காலம் இமை தொங்கும், கண் வரளும். உம்மாவுக்கு முதல் தடவை இடது இமை இரண்டு கிழமை தொங்கியது. கர்ப்பிணிகளும் தசைபலவீன நோய் உள்ளவர்களும் அதை முன்கூட்டியே வைத்தியரிடம் சொல்லவேண்டும். பழகிய கை போடவேண்டிய ஊசி. அழகு நிலையத்தில் போடுகிற காரியமல்ல.

உம்மா கலண்டரில் நான்காவது மாதத்தை வட்டமிட்டு வைப்பார். கல்முனையிலிருந்து கொழும்புக்கு இரவு பஸ், முழு இரவுப் பயணம். அடுத்த ஊசி வரும் மாதம். இந்தத் தடவை ஜன்னலோரத்து சீட் வேண்டும் என்று சொல்லியிருக்கிறார். விடிகிற நேரம் கொழும்பு கிட்டிவிடுமாம், வெளியே பார்க்க வேண்டுமாம்.