பாட்டில்லாத இடத்தில் எல். வைத்தியநாதன்



எண்பதுகளில் தூர்தர்ஷன் பார்த்து வளர்ந்தவர்களிடம் 'மால்குடி டேஸ்' என்று சொல்லிப் பாருங்கள். கதைக்கு முன்னால் மெட்டுத்தான் வாயில் வரும். "தா னா னா" என்று ஒரு முனகல், அவ்வளவுதான். ஆர்.கே. லக்ஷ்மணின் கோட்டோவியங்கள் திரையில் வந்து போவதற்குள், அந்த மெட்டு ஓர் ஊரையே நம் வீட்டுக் கூடத்தில் இறக்கிவிடும். ஷங்கர் நாக் இயக்கிய தொடர் அது. கர்நாடகத்தின் ஆகும்பேயில் எடுத்தார்கள். மெட்டுப் போட்டவர் எல். வைத்தியநாதன். அதில் சொல் இல்லாததால், இந்தி தெரியாத நம் பிள்ளைகளும் தயங்காமல் முனகினார்கள்.

வைத்தியநாதன் 1942இல் பிறந்தவர். தந்தை வி. லட்சுமிநாராயணா வயலின் வித்வான், யாழ்ப்பாணத்தில் இசை கற்பித்தவர். இலங்கையின் 1958 இனக்கலவரம் அந்தக் குடும்பத்தைச் சென்னைக்கு அனுப்பியது. தம்பிகள் எல். சுப்பிரமணியமும் எல். சங்கரும் வயலினோடு உலக மேடைகளுக்குப் போனார்கள். அண்ணன் திரைப்பட இசைக்கு வந்து, ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்து தொழில் பழகினார்.

பாரதி நூற்றாண்டான 1982இல் வந்த 'ஏழாவது மனிதன்' படத்துக்கு அவர் இசை; முழுக்க பாரதி பாடல்கள். தமிழர் காதில் ஏற்கெனவே பல மெட்டுகளில் பதிந்த வரிகளுக்குப் புது மெட்டுப் போடத் துணிச்சல் வேண்டும். அந்தப் பாடல்களை இன்றும் விரும்பிக் கேட்கிறார்கள்.

ஆனால் அவரை எனக்குக் காட்டியது 1987இல் வந்த 'பேசும் படம்'தான். சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கியது. ஒரு வரி வசனம் கிடையாது. வசனம் இருந்தால் இசை அதன் பின்னால் ஒதுங்கிக்கொள்ளலாம். இங்கே அந்த வசதி இல்லை. கமலும் அமலாவும் பார்வையால் பேசும்போது இசை கூடவே வர வேண்டும். அதற்காக எல்லாவற்றையும் விளக்கிச் சொல்லவும் கூடாது. ஒரு காட்சி: சினிமா தியேட்டரை ஒட்டிய அறையில் குடியிருந்த நாயகனுக்குச் சொகுசு ஓட்டலில் தூக்கம் வரவில்லை. அந்தத் தியேட்டரின் சண்டைச் சத்தத்தை டேப்பில் பதிந்துவந்து, போட்டுக் கேட்டுத் தூங்கிப்போகிறான். இப்படிச் சத்தமே சிரிப்பு மூட்டும் இடத்தில் வாத்தியக்காரர்களைச் சும்மா உட்கார வைக்கவும் ஓர் இசையமைப்பாளருக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

பாலு மகேந்திராவின் 'சந்தியா ராகம்', சேதுமாதவனின் 'மறுபக்கம்' என்று நிதானமான படங்கள் அவரைத் தேடி வந்தது தற்செயல் இல்லை. சிறந்த படத்துக்கான தேசிய விருதைத் தமிழுக்கு முதன்முதலில் வாங்கித் தந்தது 'மறுபக்கம்'. பாட்டு எத்தனை ஹிட் என்று கேட்டே இசையமைப்பாளரை எடைபோடுகிறோம். அதில் இவர் பெயர் பின்னுக்குப் போனதில் எனக்கு மிகுந்த வருத்தம். 2007 மே மாதம் அவர் காலமானார்.

'பேசும் படம்' கிடைத்தால் வீட்டுப் பிள்ளைகளோடு உட்கார்ந்து பாருங்கள். எங்கே இசை வருகிறது, எங்கே நின்றுவிடுகிறது என்று அவர்களையே சொல்லச் சொல்லுங்கள்.